ஒட்டு எந்தப் பக்கம்

ஊரில் துணிக்கு அளவெடுக்கிற டெய்லர்கள் தெருவுக்கு ஒருவர் இருந்தார்கள். தூணுக்கு அளவெடுக்கிறவர் இவர் ஒருவர்தான். கழுத்தில் தொங்குவது அதே அளவு நாடா, காதில் செருகியிருப்பது அதே பென்சில். அதனால் தூண் டெய்லர் என்று பேர் வந்தது. பேர் வைத்தவன் கிண்டலுக்குத்தான் வைத்தான். இவர் அதையே தன் சாமான் பெட்டியின் மேல் பெயின்டில் எழுதிக்கொண்டார்.

வேலை இதுதான். வீட்டுக் கூடத்திலோ வாசல் முகப்பிலோ ஒரு கான்கிரீட் தூண் மொட்டையாக நிற்கும். வீடு கட்டும்போது அது யார் கண்ணிலும் படாது. குடிவந்து, சோபா வாங்கி, திரைச்சீலை மாட்டிய பிறகு, எல்லாம் உடுத்திக்கொண்டிருக்கையில் இது மட்டும் ஏன் இப்படி நிற்கிறது என்று வீட்டு அம்மாவுக்குத் தோன்றும். அப்போது இவரைக் கூப்பிடுவார்கள். மரம் மாதிரி, பளிங்கு மாதிரி, செங்கல் மாதிரி என்று கடையில் கூடுகள் கிடைக்கும். அரைவட்டமாக இரண்டு பாதி. தூணின் இரண்டு பக்கமும் பாதிப் பாதியாக வைத்து, பசை தடவி, பெல்ட் போட்டு இறுக்கி, பசை பிடித்ததும் பெல்ட்டை அவிழ்த்து, அடியில் ஒரு வளையம் மாட்டினால் சட்டை போட்டாயிற்று. உள்ளே இருப்பது பழைய மொட்டைத் தூண்தான். அதைப் பற்றிப் பிறகு யாரும் பேசுவதில்லை.

இந்தத் தொழிலில் ஒரே ஒரு தலைவலி உண்டு. ஒட்டு. இரண்டு பாதி சேருகிற இடத்தில் மேலிருந்து கீழ்வரை ஒரு கோடு விழும். எவ்வளவு தேய்த்தாலும் போகாது. மற்றவர்கள் பட்டி போட்டு, சாயம் பூசி, அதனோடு மல்லுக்கட்டுவார்கள். இவர் மல்லுக்கட்ட மாட்டார். உட்காருவார்.

வீட்டுக்குள் போனதும் தூணைப் பார்க்கவே மாட்டார். முதலில் சோபாவில் உட்காருவார். பிறகு சாப்பாட்டு மேசையில், ஒவ்வொரு நாற்காலியிலும் முறைவைத்து உட்காருவார். கட்டிலில் சாய்ந்து பார்ப்பார். அடுப்படியில் கரண்டி பிடிக்கிற இடத்தில் போய் நிற்பார். தூணுக்கு அளவெடுக்க வந்த ஆள் வந்ததும் வராததுமாக இப்படி வீடு முழுவதும் உட்கார்ந்து எழுந்தால் யாருக்குத்தான் சந்தேகம் வராது? கழிவறைக் கதவைத் திறந்து வைத்துக்கொண்டும் உட்கார்ந்து பார்த்தார் என்று ஒரு கதை உண்டு. அது பொய். அங்கே நின்றுதான் பார்த்தார்.

அவர் தேடுவது ஒன்றைத்தான். அந்த வீட்டு மனிதர்கள் எந்தப் பக்கம் பார்ப்பதில்லை? எல்லா வீட்டிலும் அப்படி ஒரு பக்கம் உண்டு என்பது அவர் கண்டுபிடிப்பு. ஒரு வீட்டில் ஜன்னல் பக்கம். ஒரு வீட்டில் மாமியார் அறைப் பக்கம். ஒரு வீட்டில் கல்யாணப் போட்டோ மாட்டிய சுவர்ப் பக்கம். அங்கே ஒட்டை வைத்துவிட்டு, வாயைத் திறக்காமல் வந்துவிடுவார். இத்தனை வருஷத்தில் ஒருவர்கூட ‘ஒட்டு தெரிகிறதே’ என்று சொன்னதில்லை. அதில் அவருக்குக் கொஞ்சம் கர்வமும் இருந்தது.

இப்படிப்பட்டவரின் மாமனார் வீட்டிலும் ஒரு தூண் இருந்தது.

மாமனார் இப்போது இல்லை. மாமியார் அவருக்கு முன்னாலேயே போய்ச் சேர்ந்துவிட்டார். இரண்டு மகன்கள், இரண்டு மருமகள்கள், இரண்டு சமையல், இரண்டு டீவி. கடைக்குட்டிப் பெண்தான் டெய்லரின் மனைவி. மாமனார் போன பிறகு வீட்டை நடுவில் பிரித்துக்கொண்டார்கள். இடது பாதி பெரியவருக்கு, வலது பாதி சின்னவருக்கு. அதுவரை சண்டை இல்லை. மாடித் தொட்டிக்குத் தண்ணீர் ஏற்றுகிற மோட்டாரைச் சின்னவர் ஒருநாள் போட்டுவிட்டு மறந்துபோனார். தொட்டி வழிந்து, மாடியில் வெயிலுக்குப் போட்டிருந்த பெரியவரின் மெத்தை நனைந்துவிட்டது. பெரியவர் ஒரு வார்த்தை விட்டார். சின்னவர் ஒன்றுக்கு இரண்டாகத் திருப்பிக் கொடுத்தார். அன்றைக்கு நின்றது பேச்சு. மெத்தை மறுநாளே காய்ந்துவிட்டது.

மருமகள்கள் இருவரும் பின்பக்கம் துணி துவைக்கிற இடத்தில் எப்போதும்போலப் பேசிக்கொண்டார்கள். புருஷன்மார் வருகிற சத்தம் கேட்டால் மட்டும் முகத்தைத் திருப்பிக்கொள்வார்கள். அந்தக் கலை அவர்களுக்குச் சீக்கிரம் கைவந்துவிட்டது.

கூடத்தில் சுவர் எழுப்பிவிடலாம் என்றுதான் இருவரும் நினைத்தார்கள். ஆனால் நட்டநடுவில் தூண் நின்றது. பங்கு பிரித்தவர்கள் அறையைப் பிரித்தார்கள், அலமாரியைப் பிரித்தார்கள், தூணை மறந்துவிட்டார்கள். சுவரை இப்படி வைத்தால் தூண் ஒருவருக்குப் போகும், அப்படி வைத்தால் மற்றவருக்குப் போகும். அதனால் சுவர் வரவேயில்லை. பெரியவர் தன் பாதித் தரைக்குப் புது டைல் போட்டார். சின்னவர் பாதி பழைய சிமென்ட் தரையாகவே கிடந்தது. டைலின் கனத்துக்கு நடுவில் ஒரு மேடு விழுந்தது. அதுதான் எல்லை. வருகிறவர்கள் எல்லாரும் அதில் ஒருமுறை தடுக்கிவிட்டுத்தான் உள்ளே போனார்கள். தூணுக்கும் பாதிக் கால் மேட்டில், பாதிக் கால் பள்ளத்தில். வாசலில் இரட்டைக் கதவு இருந்தது நல்லதாய்ப் போயிற்று. இடது கதவைப் பெரியவர் திறந்து மூடினார், வலது கதவைச் சின்னவர் திறந்து மூடினார்.

இதில் நடுவில் மாட்டிக்கொண்டவள் டெய்லரின் மனைவிதான். பிறந்த வீட்டுக்குப் போனால் எந்தப் பக்கம் உட்காருவது? இடது பக்கம் உட்கார்ந்தால் சின்னண்ணன் முகம் தொங்கிப்போகும். வலது பக்கம் உட்கார்ந்தால் பெரியண்ணன் இரண்டு வாரம் போனை எடுக்க மாட்டார். முதலில் கொஞ்சநாள் இங்கே பாதி நேரம், அங்கே பாதி நேரம் என்று உட்கார்ந்து பார்த்தாள். எந்தப் பக்கம் முதலில் என்று அதிலும் ஒரு மனத்தாங்கல் வந்தது. அப்புறம் அவள் உள்ளே போவதையே விட்டுவிட்டாள். வாசற்படியில் நிற்பாள். இடது கதவிலிருந்து ஒரு டம்ளர் டீ வரும், வலது கதவிலிருந்து ஒரு டம்ளர் டீ வரும். இரண்டையும் மிச்சம் வைக்காமல் குடிப்பாள். மிச்சம் வைத்தால், யார் வீட்டு டீயில் மிச்சம் என்று பேச்சு வரும். குடித்துவிட்டு, பால்காரர் போல வாசலோடு திரும்பிவிடுவாள். அவளுக்கு முழங்கால் வலி வேறு. வீட்டுக்கு வந்து தைலம் தேய்த்துக்கொள்வாள். டெய்லருக்கு அதைப் பார்க்கத்தான் முடியவில்லை.

ஒருநாள் காலையில் பெரியவர் போன் செய்தார்.

“மாப்பிள்ளை, நம்ம கூடத்துத் தூணுக்கு ஒரு சட்டை போடணும். மரக்கலர். என் பக்கத்துக்கு மட்டும்.”

“பாதித் தூணுக்கா மச்சான்?”

“என் பாதிக்கு.”

“ஒரு பாதி தனியா நிக்காது மச்சான். அந்தப் பக்கம் ஒண்ணு இருந்து, ஒண்ணையொண்ணு பிடிச்சாத்தான் நிக்கும்.”

“அந்தப் பக்கத்தைப் பத்தி எனக்கு என்ன தெரியும்?” என்று போனை வைத்துவிட்டார்.

மதியத்துக்குள் சின்னவர் போன் வந்தது. செய்தி துணி துவைக்கிற இடம் வழியாகப் போயிருக்கிறது.

“மாப்பிள்ளை, அந்தப் பக்கம் என்னமோ மரம் போடுறாங்களாம். எனக்கும் போடுங்க. ஆனா மரம் வேண்டாம், பளிங்கு. கூடு நானே கடையில வாங்கி வெச்சிடறேன்.”

பெரியவரும் தன் கூட்டைத் தானே வாங்கிவைத்துவிட்டார். இரண்டு கடை, இரண்டு சரக்கு. ஒரே தூணுக்கு ஒரு கை மரம், ஒரு கை பளிங்கு என்று இதுவரை யாரும் சட்டை தைத்ததில்லை. வேண்டாம் என்று சொல்லிவிடலாம் என்றுதான் டெய்லர் நினைத்தார். மனைவி தைலக் குப்பியை மூடிக்கொண்டே சொன்னாள்.

“போய்ப் போட்டுக் குடுங்க. மரமோ பளிங்கோ, அது எப்படியோ போகட்டும். எனக்கு அந்த வீட்டுல ஒரு தடவை உக்காந்து டீ குடிக்கணும். அதுக்கு ஏதாவது வழி இருக்கான்னு பாருங்க.”

அவள் எதையும் கேட்கிறவள் இல்லை. கேட்டுவிட்டு அடுப்படிக்குள் போய்விட்டாள். டெய்லர் நாடாவை எடுத்துக் கழுத்தில் போட்டுக்கொண்டார்.

அளவெடுக்கப் போனார். எல்லைமேட்டில் தடுக்கினார். வழக்கம்போல முதலில் உட்கார்ந்தார். பெரியவரின் சோபா இடது சுவரைப் பார்த்துக் கிடந்தது, அங்கே அவர் டீவி. சின்னவரின் நாற்காலிகள் வலது சுவரைப் பார்த்துக் கிடந்தன, அங்கே அவர் டீவி. இரண்டிலும் ஒரே செய்தி ஓடியது. ஒன்று இன்னொன்றுக்கு ஒரு நொடி பிந்தி ஓடியதால், எல்லாக் கெட்ட செய்தியையும் இரண்டு தடவை கேட்க வேண்டியிருந்தது. டெய்லர் சோபாவில் மூன்று இடத்திலும் உட்கார்ந்தார். எல்லை தாண்டிப் போய் அந்த நாற்காலிகளிலும் உட்கார்ந்தார். எங்கே உட்கார்ந்தாலும் தூண் முதுகுக்குப் பின்னால்தான் இருந்தது. தூணை மட்டுமா? தூணுக்கு அந்தப் பக்கம் இருக்கிற ஆளையும் பார்க்க வேண்டியதில்லாதபடி நாற்காலிகளைப் போட்டிருந்தார்கள்.

இவ்வளவு சுலபமான தூண் அவர் கைக்கு வந்ததில்லை. ஒட்டை எங்கே வைத்தாலும் இந்த வீட்டில் யாரும் பார்க்கப்போவதில்லை. அவருக்கு அது கொஞ்சமும் பிடிக்கவில்லை.

வேலைக்குப் போன அன்று அவருக்கே ஒரு பிசகு நேர்ந்தது. எல்லாத் தூணுக்கும் இரண்டு பாதியும் ஒரே கனமாக வரும். அந்தப் பழக்கத்தில் பளிங்குக் கூட்டின் கனத்தை மட்டும் பார்த்து அதற்கேற்ற பெல்ட்டுகளை எடுத்து வந்திருந்தார். பெரியவர் வாங்கி வைத்திருந்த மரக்கூடு தடிப் பலகை. பசையைத் தடவி, இரண்டு பாதியையும் தூணில் சாத்தி, ஒரு பாதியைத் தோளாலும் இன்னொன்றை முழங்காலாலும் தாங்கிக்கொண்டு பெல்ட்டைச் சுற்றினார். கொக்கி எட்டவில்லை. நாலு விரல் குறைந்தது. அடுத்த பெல்ட்டை எடுத்தார். அதுவும் அதே நீளம். பசை காய ஆரம்பித்தால் அப்புறம் இரண்டு கூடும் பாழ். டெய்லருக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. ஓட வழியும் இல்லை, இரண்டும் தூணில் மாட்டியிருந்தன.

“மச்சான்! கொஞ்சம் வந்து பிடிங்க! விழுந்துடும்!” என்று கத்தினார்.

எந்த மச்சானை என்று சொல்லவில்லை. அதனால் இரண்டு பேரும் வந்தார்கள். வந்து, ஒருவரை ஒருவர் பார்த்ததும் நின்றுவிட்டார்கள்.

“அவங்கவங்க பாதியை அவங்கவங்க பிடிங்க மச்சான், போதும்.”

அது நியாயமாகப் பட்டது. பெரியவர் மரத்தைக் கட்டிப் பிடித்தார், சின்னவர் பளிங்கைக் கட்டிப் பிடித்தார்.

“இப்படிப் பிடிச்சா போதாது. இறுகணும். ரெண்டு பக்கமும் ஒருத்தர் மணிக்கட்டை ஒருத்தர் பிடிச்சு இழுங்க.”

டீவி இரண்டும் ஒரே விளம்பரத்தைப் பாடி முடிக்கிறவரை ஒருவரும் அசையவில்லை. மரக்கூடு மெல்ல நழுவியது. பெரியவர் கை நீண்டது. சின்னவர் கை பிடித்தது. கன்னத்தைத் தூணில் அழுத்திக்கொண்டு, இரண்டு பேரும் வாசலைப் பார்த்தபடி நின்றார்கள். மருமகள்கள் இருவரும் அடுப்படி வாசல்களில் வந்து நின்று பார்த்தார்கள். முகத்தைத் திருப்பிக்கொள்ள இருவருக்குமே மறந்துவிட்டது.

“எவ்வளவு நேரம் மாப்பிள்ளை?” என்றார் பெரியவர்.

“பசை பிடிக்கிற வரைக்கும் மச்சான்.”

“மூக்கு அரிக்குது.”

“தூண்லயே தேய்ச்சுக்க வேண்டியதுதானே?” என்றார் சின்னவர், வாசலைப் பார்த்து.

“தேய்க்காதீங்க மச்சான், மரக்கலர் போயிடும்,” என்றார் டெய்லர்.

பெரியவர் மூக்கை அடக்கிக்கொண்டார். பிறகு பெரியவர் சின்னவரின் மணிக்கட்டை விரல்களால் ஒருதரம் சுற்றிப் பார்த்தார். இன்னொரு தரம் சுற்றிப் பார்த்தார்.

“என்னடா கை இது? குச்சியா இருக்கு.”

சின்னவர் கையை இழுத்துக்கொள்ளப் பார்த்தார்.

“உன்னைத்தான் கேக்கறேன்.”

“சர்க்கரை வந்திருக்கு.”

“எப்ப?”

“ஒரு வருஷம் ஆகுது.”

“யாரும் எனக்குச் சொல்லலையே.”

“யார் சொல்றது?”

பெரியவர் வாசலையே பார்த்துக்கொண்டு நின்றார். அவர் பிடி இறுகியது. தேவைக்கு மேலேயே இறுகியது. கூடு நொறுங்கிவிடுமோ என்று டெய்லருக்குப் பயம் வந்தது. ஆனால் கொஞ்சம் தளர்த்துங்கள் என்று சொல்ல அவருக்கு மனம் வரவில்லை.

பசை பிடித்தது. “போதும் மச்சான், விடலாம்,” என்றார். இரண்டு பேரும் கையை எடுத்துக்கொண்டு, ஒன்றும் நடக்காததுபோல அவரவர் டீவிக்கு முன்னால் போய் உட்கார்ந்துவிட்டார்கள். முதுகும் முதுகும் பழையபடி பார்த்துக்கொண்டன. டெய்லர் பெருமூச்சு விட்டார். மனிதர்களுக்குப் பசை தடவுகிற வேலையை யாரும் அவரிடம் கொடுக்கவில்லை.

மிச்சம் இருந்தது அடிவளையம். அதுவும் உட்காரவில்லை. ஒரு பக்கம் டைல் மேடு, ஒரு பக்கம் சிமென்ட் பள்ளம். வளையம் ஆடியது. வளையத்தைத் தரையில் வைத்துவிட்டு அதையே வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். மேட்டையும் பள்ளத்தையும் மறைக்கிற மாதிரி அகலமாக ஒரு வளையம் செய்யவேண்டும். அகலமாகச் செய்தால் உயரமும் கொஞ்சம் வேண்டும். எவ்வளவு அகலம், எவ்வளவு உயரம்? அவர் காதிலிருந்து பென்சிலை எடுத்தார். அளவு எடுத்தது தூணுக்கு இல்லை. வீட்டுக்குப் போய், மனைவி முக்காலியில் உட்கார்ந்து காய் நறுக்கும்போது, அவள் முழங்கால் தரையிலிருந்து எவ்வளவு உயரத்தில் இருக்கிறது என்று நாடாவால் அளந்தார்.

“என்ன பண்றீங்க?”

“வேலை விஷயம்.”

அடுத்த தடவை வந்தபோது தூணைச் சுற்றி வட்டமாக ஒரு பலகைப் பெட்டியைப் பொருத்தினார். சின்னவர் பக்கம் பெட்டியின் கால்களுக்கு அடியில் பெரியவர் வீட்டில் மிஞ்சியிருந்த டைல் துண்டுகளைக் கொடுத்து மட்டம் செய்தார். ஆட்டம் நின்றது. மேலே மெத்தென்று ஒரு பஞ்சுத் துணி உறை போட்டார்.

“என்ன மாப்பிள்ளை இது?” என்றார் பெரியவர்.

“அடிவளையம் மச்சான்.”

“பெஞ்சு மாதிரி இருக்கே?”

“கொஞ்சம் பெரிசாப் போச்சு.”

“இது யார் பக்கம்?” என்றார் சின்னவர்.

“தூண் பக்கம்.”

தூண் யாருக்குமே பிரிக்கப்படவில்லை என்பதால் அதற்கு மேல் யாராலும் வழக்காட முடியவில்லை.

அடுத்து வந்த ஞாயிற்றுக்கிழமை மனைவியைக் கூட்டிக்கொண்டு போனார். அவள் பழக்கதோஷத்தில் வாசற்படியிலேயே நின்றுவிட்டாள். டெய்லர் இடது கதவையும் வலது கதவையும் தானே திறந்தார். அவள் எல்லைமேட்டின் மேலேயே, ஒரு கால் டைலில் ஒரு கால் சிமென்டில் வைத்து நடந்துபோய், வாசலைப் பார்த்தபடி தூணடியில் உட்கார்ந்தாள். முழங்கால் சரியாக மடங்கியது. தூணில் முதுகைச் சாய்த்து, உறையை உள்ளங்கையால் ஒருமுறை தடவினாள். இரண்டு பக்கமிருந்தும் டீ வந்தது. அவளுக்கு அழுகை வந்துவிட்டது. டீ ரொம்பச் சூடு என்று சொன்னாள். யாரும் அதை நம்பவில்லை, யாரும் மறுக்கவும் இல்லை.

தங்கை நடுக்கூடத்தில் உட்கார்ந்திருக்க, முதுகைக் காட்டிக்கொண்டு எவ்வளவு நேரம் டீவி பார்ப்பது? பெரியவர் சோபாவிலிருந்து எழுந்து ஒரு நாற்காலியை இழுத்துக்கொண்டு வந்து அவள் எதிரில் இடப்பக்கமாகப் போட்டுக்கொண்டார். சின்னவர் வலப்பக்கமாகப் போட்டுக்கொண்டார். டீவிகள் இரண்டும் யாருக்கும் இல்லாமல் ஓடின. பெரியவர் தங்கையிடம் முழங்கால் வலியைப் பற்றிக் கேட்டார். சின்னவர் தங்கையிடம் தைலத்தின் பேரைக் கேட்டார். எல்லாப் பேச்சும் அவள் வழியாகவே போய்வந்தது.

“அவன் டீயில சர்க்கரை போடாம குடுக்கச் சொல்லு,” என்றார் பெரியவர் தங்கையிடம்.

“போடாமத்தான் குடிக்கிறேன்னு சொல்லு,” என்றார் சின்னவர் தங்கையிடம்.

“நல்லாத்தான் காது கேக்குது ரெண்டு பேருக்கும்,” என்றாள் அவள். அவள் டம்ளர்களில் அன்றைக்கு டீ பாதிக்குப் பாதி மிச்சம் இருந்தது. அதை யாரும் கவனிக்கவில்லை.

டெய்லர் ஓரமாகக் குந்தி, பெட்டியில் சாமான்களை அடுக்கிக்கொண்டிருந்தார். பெரியவர் பேச்சை நிறுத்திவிட்டு, தங்கை தலைக்கு மேல் தூணையே உற்றுப் பார்த்தார். கண்ணைச் சுருக்கிக்கொண்டு மேலிருந்து கீழே பார்த்தார்.

“மாப்பிள்ளை, ஒட்டு தெரியுதே.”

டெய்லர் கை நின்றது. சின்னவரும் கழுத்தை நீட்டித் தூணைப் பார்த்தார்.

“ஆமா மாப்பிள்ளை. அண்ணன் சொல்றது சரிதான். நல்லாவே தெரியுது.”

தொழிலுக்கு வந்த நாளிலிருந்து யாரும் சொல்லாத குறை. அதையும் சொந்த மச்சான்கள் இரண்டு பேர் ஒரே வாயாகச் சொல்லிவிட்டார்கள். டெய்லர் பசை டப்பாவை எடுத்து, மூடியைக் கட்டைவிரலால் அழுத்தி மூடினார்.

“இப்படி உக்காந்து பார்த்துக்கிட்டே இருந்தா தெரியத்தான் செய்யும் மச்சான்,” என்றார்.